இரண்டு பக்கமும் தெரியாத எண் இருந்தால் எப்படித் தீர்ப்பது?

3த + 5 = 20 என்று ஒரு கணக்கைக் கொடுத்தால் ஏழாம் வகுப்புப் பிள்ளை பெரும்பாலும் போட்டுவிடும். 20-இல் 5 போனால் 15, மூன்றால் வகுத்தால் 5. முடிந்தது. அதே பிள்ளையிடம் 5த + 3 = 2த + 18 என்று எழுதிக் கொடுங்கள், பேனா அப்படியே நின்றுவிடும். "ரெண்டு பக்கமும் இருக்கே, எங்க இருந்து ஆரம்பிக்கிறது?" என்று கேட்கும். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் சொல்லத்தான் இதை எழுதுகிறேன். எட்டாம் வகுப்பு மாணவர்கள், வீட்டில் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்க உட்காரும் பெற்றோர், பள்ளிக் கணக்கை எப்போதோ விட்டுவிட்டு இப்போது போட்டித் தேர்வுக்குப் படிக்கிறவர்கள் என்று எல்லோருக்கும் இது பயன்படும். கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தலோடு குறை எண்களும் தெரிந்திருந்தால் போதும்.

பள்ளிப் புத்தகத்தில் தெரியாத எண்ணுக்கு எக்ஸ், ஒய் என்று ஆங்கில எழுத்து போட்டிருப்பார்கள். இங்கே 'த' என்று வைத்துக்கொள்கிறேன். எந்த எழுத்தாக இருந்தாலும் கணக்கு மாறாது. 5த என்றால் 5 × த. முன்னால் நிற்கும் 5-க்குக் கெழு என்று பெயர். த ஒட்டாமல் தனியாக நிற்கும் 3, 18 போன்றவை மாறிலிகள்.

பேனா ஏன் நிற்கிறது?

3த + 5 = 20 என்பதை வாசிக்கும்போது நம் மனம் ஒரு கதையாக வாசிக்கிறது: ஏதோ ஒரு எண்ணை மூன்றால் பெருக்கினார்கள், 5 கூட்டினார்கள், 20 வந்தது. அந்த 20-இலிருந்து ஒவ்வொன்றாக அவிழ்த்துக்கொண்டே வந்தால் முதல் எண் கிடைத்துவிடும். 5த + 3 = 2த + 18-இல் அந்த வசதி இல்லை. வலப்பக்கமும் ஒரு தெரியாத தொகை. கையில் ஒரு எண்ணே இல்லாதபோது எதிலிருந்து அவிழ்ப்பது?

இந்த இடத்தில் '=' குறியைக் கொஞ்சம் வேறு மாதிரி வாசிக்கப் பழக வேண்டும். சின்ன வயதிலிருந்து 3 + 4 = என்று பார்த்தால் "விடை எவ்வளவு?" என்றுதான் வாசித்து வந்திருக்கிறோம். கால்குலேட்டர் பொத்தானும் அதையே சொல்லிக்கொடுத்திருக்கிறது. ஆனால் 1557-இல் இந்தக் குறியை அச்சில் முதலில் கொண்டுவந்த வேல்ஸ் நாட்டு ராபர்ட் ரெக்கார்ட், ஒரே நீளமுள்ள இரண்டு இணைகோடுகளை அதற்குத் தேர்ந்தெடுத்தார். அவற்றைவிடச் சமமாக வேறு இரண்டு பொருள்கள் இருக்க முடியாது என்று காரணமும் எழுதிவைத்தார். இடப்பக்கம் இருப்பதற்கும் வலப்பக்கம் இருப்பதற்கும் ஒரே மதிப்பு, அவ்வளவுதான் அந்தக் குறி சொல்வது. விடை எந்தப் பக்கம் வரும் என்று அது சொல்வதே இல்லை.

குதிரைக் கணக்கு

இந்த வகைக் கணக்கைப் புரியவைக்க எனக்குத் தெரிந்து மிகச் சிறந்த உதாரணம் 12-ஆம் நூற்றாண்டில் இரண்டாம் பாஸ்கரர் எழுதிய பீஜகணிதத்தில் இருக்கிறது. ஒருவரிடம் 300 ரூபாயும் 6 குதிரைகளும் இருக்கின்றன. இன்னொருவரிடம் 10 குதிரைகள் இருக்கின்றன, ஆனால் 100 ரூபாய் கடன். எல்லாக் குதிரைக்கும் ஒரே விலை. இருவரின் சொத்தும் சமம். ஒரு குதிரை என்ன விலை?

சமன்பாடு எதுவும் எழுதாமலே இதைப் போட்டுப் பார்க்கலாம். இருவரிடமிருந்தும் ஆளுக்கு 6 குதிரையை ஓட்டிக்கொண்டு போய்விடுங்கள். குதிரையின் விலை நமக்குத் தெரியாதுதான். ஆனாலும் இருவருக்கும் ஒரே அளவு நஷ்டம் என்பது தெரியும். அதனால் மீதிச் சொத்தும் சமமாகத்தான் இருக்கும். இப்போது முதல் ஆளிடம் 300 ரூபாய், இரண்டாம் ஆளிடம் 4 குதிரையும் 100 ரூபாய் கடனும். அடுத்து, இருவருக்கும் ஆளுக்கு 100 ரூபாய் கொடுங்கள். இரண்டாம் ஆளின் கடன் தீர்ந்தது. முதல் ஆளிடம் 400 ரூபாய், இரண்டாம் ஆளிடம் வெறும் 4 குதிரை. ஆக ஒரு குதிரை 100 ரூபாய்.

சரியா என்று பார்த்துவிடுவோம். முதல் ஆள்: 600 + 300 = 900. இரண்டாம் ஆள்: 1000 − 100 = 900. சரி.

இந்தக் கட்டுரையின் மொத்த விஷயமும் இதற்குள் இருக்கிறது. விலை தெரியாத 6 குதிரையை எப்படிக் கழிக்க முடிந்தது? இரண்டு பக்கமும் அதே 6 என்பதால். எவ்வளவு என்று தெரியாத ஒன்றைக்கூட, இரண்டு பக்கமும் ஒரே அளவில் எடுத்தால் சமம் கெடாது. இதை ஒரு பிள்ளை மனதார ஒப்புக்கொண்டுவிட்டால் மற்றதெல்லாம் பழக்கம்தான்.

கி.பி. 499-ஐ ஒட்டிய ஆரியபடீயத்திலேயே இதற்குச் சுருக்கமான விதி உண்டு: இருவரின் சொத்தும் சமமாக இருந்தால், பண வித்தியாசத்தைப் பொருள்களின் எண்ணிக்கை வித்தியாசத்தால் வகு, ஒரு பொருளின் விலை கிடைக்கும். குதிரைக் கணக்கில் போட்டுப் பாருங்கள். பண வித்தியாசம் 300-க்கும் கடன் 100-க்கும் இடையே 400, குதிரை வித்தியாசம் 4, விடை 100. பாஸ்கரர் காலத்தில் '=' குறி கிடையாது. தெரியாத எண்ணுக்கு 'யாவத்தாவத்' என்ற சொல்லிலிருந்து 'யா' என்றும் தனியாக நிற்கும் தெரிந்த எண்ணுக்கு 'ரூப' என்ற சொல்லிலிருந்து 'ரூ' என்றும் முதலெழுத்தைப் போட்டு, ஒரு பக்கத்தை மேலேயும் மறுபக்கத்தைக் கீழேயும் எழுதினார்கள். கடன் என்றால் எண்ணின் தலையில் ஒரு புள்ளி. நான் இங்கே 'த' போடுவதும் அந்த வழிதான்.

இனி எழுத்தில்

நம் கணக்குக்கு வருவோம்.

5த + 3 = 2த + 18

முதலில் ஒரு பக்கத்திலிருந்து த-வை முழுதாக நீக்க வேண்டும். வலப்பக்கம் 2த இருக்கிறது, அதை இரண்டு பக்கமும் கழிப்போம்.

5த + 3 − 2த = 2த + 18 − 2த
3த + 3 = 18

இந்த வரிக்கு வந்துவிட்டால் பாதிக்கு மேல் முடிந்தது. ஏனென்றால் இது நமக்கு ஏற்கெனவே போடத் தெரிந்த பழைய வகைக் கணக்கு. அடுத்து மாறிலி. இரண்டு பக்கமும் 3 கழிப்போம்.

3த = 15

கடைசியில் இரண்டு பக்கத்தையும் 3-ஆல் வகுப்போம்.

த = 5

அப்புறம் சரிபார்ப்பு. கேள்வியில் இருந்த முதல் வரியிலேயே 5-ஐப் போட வேண்டும், நடுவில் நாமே எழுதிய வரிகளில் போடக் கூடாது. அந்த வரி தப்பாக இருந்தால் தப்பும் தப்பும் பொருந்திப்போகும். இடப்பக்கம் 25 + 3 = 28. வலப்பக்கம் 10 + 18 = 28. இரண்டையும் தனித்தனியாகக் கணக்கிட்டு, கடைசியில் ஒப்பிடுங்கள்.

இந்த வகைக் கணக்கில் எனக்குப் பிடித்ததே இந்தச் சரிபார்ப்புதான். விடை சரியா என்று ஆசிரியரைக் கேட்க வேண்டாம், புத்தகத்தின் கடைசிப் பக்கத்தைப் புரட்ட வேண்டாம். அரை நிமிடத்தில் தானே உறுதி செய்துகொள்ளலாம். பிள்ளைக்கு இந்தப் பழக்கம் வந்துவிட்டால் கணக்குப் பயம் கணிசமாகக் குறையும்.

எந்தப் பக்கத்து த-வை நீக்குவது?

எதை நீக்கினாலும் விடை ஒன்றுதான். ஆனால் சிறிய கெழு உள்ளதை நீக்கினால் குறை எண்ணோடு மல்லுக்கட்ட வேண்டியிருக்காது. 3த + 20 = 7த − 8 என்ற கணக்கில் 3த சிறியது. இரண்டு பக்கமும் 3த கழித்தால்

20 = 4த − 8
28 = 4த
7 = த

த வலப்பக்கம் நிற்கிறதே என்று சில பிள்ளைகள் தவிக்கும். 7 = த என்றாலும் த = 7 என்றாலும் ஒன்றுதான், கடைசி வரியைத் திருப்பி எழுதிக்கொள்ளலாம். வழக்கம்போல த-வை இடப்பக்கமே வைத்துக்கொள்ள விரும்பி 7த-வைக் கழித்தால் −4த + 20 = −8, அதிலிருந்து −4த = −28 என்று போகும். அதுவும் 7-இல்தான் முடியும். வழியில் குறிகள் கூடுதல், தவறவிடும் இடங்களும் கூடுதல்.

கெழு குறை எண்ணாக இருந்தால்? 4 − 3த = 2த − 11. இங்கே −3த தான் சிறியது. அதை நீக்க 3த-வைக் கூட்ட வேண்டும்.

4 = 5த − 11
15 = 5த
த = 3

சரிபார்த்தால் 4 − 9 = −5, 6 − 11 = −5.

"அந்தப் பக்கம் போனால் குறி மாறும்"

வகுப்பறையில் இதைக் கேட்காதவர்கள் இருக்க மாட்டார்கள். இடமாற்று முறை என்று புத்தகமும் சொல்கிறது. தவறான முறை கிடையாது. ஆனால் புதிதாகக் கற்கும் பிள்ளைக்கு இதை முதலில் சொல்லிக்கொடுக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. 2த அந்தப் பக்கத்திலிருந்து இந்தப் பக்கம் நடந்து வரவில்லை. இரண்டு பக்கமும் 2த கழித்தோம். வலப்பக்கம் அது காணாமல் போனது, இடப்பக்கம் −2த என்று மிஞ்சியது. நடந்த வேலை இதுதான், குறி மாறுவது அதன் விளைவு.

காரணம் தெரியாமல் விளைவை மட்டும் மனப்பாடம் செய்த பிள்ளை 3த = 15 என்ற வரியில் கோட்டை விடும். 3 அந்தப் பக்கம் போகிறது, குறி மாற வேண்டும் என்று நினைத்து த = 15 − 3 என்று எழுதும், அல்லது 15-ஐ −3-ஆல் வகுத்து −5 என்று எழுதும். 3 இங்கே த-வோடு கூட்டப்படவில்லை, பெருக்கப்பட்டிருக்கிறது. பெருக்கலை நீக்க வகுக்க வேண்டும். "இரண்டு பக்கமும் என்ன செய்கிறேன்?" என்று கேட்டுப் பழகிய பிள்ளைக்கு இந்தக் குழப்பமே வராது.

அதனால் ஆரம்பத்தில் ஒவ்வொரு வரிக்குப் பக்கத்திலும் செய்த வேலையை எழுதவையுங்கள்: "இரு பக்கமும் 2த கழிக்க", "இரு பக்கமும் 3-ஆல் வகுக்க". ஒரு வரியில் ஒரு வேலை, '=' குறிகள் ஒன்றன்கீழ் ஒன்றாக. கொஞ்ச நாளில் பிள்ளையே "இதையெல்லாம் எழுதணுமா? எனக்கே தெரியுதே" என்று சலித்துக்கொள்ளும். குறுக்குவழிக்கு அனுமதி கொடுக்க அதுதான் சரியான நேரம்.

அடைப்புக்குறி வந்தால்

த-வை நீக்குவதற்கு முன்னால் ஒவ்வொரு பக்கத்தையும் அதனதன் இடத்திலேயே சுருக்கிவிட வேண்டும். 3(த + 4) = 5(த − 2) என்றால் முதலில் விரித்து எழுதுங்கள்: 3த + 12 = 5த − 10. வெளியே உள்ள எண் உள்ளே இருக்கும் எல்லாவற்றையும் பெருக்கும். 3த + 4 என்று நிறுத்திவிடுவது அடிக்கடி நடக்கும் தவறு. மேலே போனால் 22 = 2த, த = 11. இரண்டு பக்கமும் 45 வரும்.

உண்மையில் கவனம் தேவைப்படும் இடம் அடைப்புக்கு முன்னால் கழித்தல் குறி நிற்பதுதான்.

7த − 2(த − 3) = 3த + 16

−2 உள்ளே போய் த-வைப் பெருக்கினால் −2த. −3-ஐப் பெருக்கினால் +6. இந்த +6-ஐத்தான் பலர் −6 என்று எழுதுவார்கள். சரியாக எழுதினால்

7த − 2த + 6 = 3த + 16
5த + 6 = 3த + 16
2த = 10
த = 5

−6 என்று எழுதியிருந்தால் த = 11 என்று வந்திருக்கும். பார்வைக்கு அதுவும் ஒழுங்கான முழு எண்தான், சந்தேகமே வராது. முதல் வரியில் போட்டுப் பார்த்தால் இடப்பக்கம் 77 − 16 = 61, வலப்பக்கம் 33 + 16 = 49. குட்டு வெளிப்பட்டுவிடும்.

பின்னம் வந்தால்

பின்னத்தோடு சண்டை போடாதீர்கள், முதல் வேலையாக விரட்டிவிடுங்கள்.

த/2 + 3 = த/3 + 5

பகுதிகள் 2, 3. மீச்சிறு பொது மடங்கு 6. இரண்டு பக்கத்தையும் 6-ஆல் பெருக்கினால்

3த + 18 = 2த + 30
த = 12

3, 5 என்ற மாறிலிகளும் 6-ஆல் பெருக்கப்பட்டு 18, 30 ஆனதைக் கவனியுங்கள். பின்னத்தை மட்டும் பெருக்கிவிட்டு மாறிலியை அப்படியே விட்டால் சமம் கெட்டுப்போகும். தொகுதியில் த + 1 போல இரண்டு உறுப்புகள் இருந்தால், பெருக்குவதற்கு முன் அதைச் சுற்றி அடைப்புக்குறி போட்டுக்கொள்ளுங்கள். தசம எண் வந்தால் 10-ஆலோ 100-ஆலோ பெருக்கிவிட்டால் போதும்.

த காணாமல் போனால்

சில கணக்குகளில் த-வை நீக்கும்போது இரண்டு பக்கமும் அது ஒழிந்துவிடும். பதற வேண்டாம்.

2த + 5 = 2த + 9-இல் 2த கழித்தால் 5 = 9 என்று நிற்கும். அது பொய். ஆக எந்த எண்ணைப் போட்டாலும் இது பொருந்தாது, தீர்வு இல்லை என்று எழுத வேண்டும். குதிரைக் கணக்காக யோசியுங்கள்: இருவரிடமும் ஆளுக்கு 2 குதிரை, ஒருவரிடம் 5 ரூபாய், இன்னொருவரிடம் 9 ரூபாய். குதிரை என்ன விலை விற்றாலும் இவர்கள் சொத்து சமமாகாது.

2(த + 3) = 2த + 6-ஐ விரித்துக் கழித்தால் 6 = 6. இது எப்போதும் உண்மை. எந்த எண்ணும் தீர்வாகும். இப்படிப்பட்டதை முற்றொருமை என்பார்கள்.

மூன்றாவதாக, 5த = 3த. இரண்டு பக்கமும் த-வால் வகுத்து 5 = 3, தீர்வு இல்லை என்று முடித்துவிடத் தோன்றும். அது தவறு. 3த கழித்தால் 2த = 0, த = 0. பூச்சியமும் ஓர் எண்தான், அதுவே இங்கே விடை. தெரியாத எண்ணால் வகுக்காமல் இருக்க வேண்டியது இதனால்தான். அது பூச்சியமாக இருந்துவிட்டால் வகுத்தலுக்கே அர்த்தம் இல்லை.

வாழ்க்கைக் கணக்கு

கல்யாணப் பத்திரிகை அடிக்க இரண்டு அச்சகங்களில் விசாரிக்கிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். முதல் அச்சகத்தில் டிசைனுக்கு 1,500 ரூபாய், அப்புறம் பத்திரிகை ஒன்றுக்கு 12 ரூபாய். இரண்டாவதில் டிசைனுக்கு 600, பத்திரிகைக்கு 15 ரூபாய். எது லாபம்? எத்தனை பத்திரிகை என்பதைப் பொறுத்தது. இரண்டும் ஒரே செலவாகும் எண்ணிக்கையைக் கண்டுபிடித்துவிட்டால் முடிவெடுப்பது சுலபம்.

1500 + 12த = 600 + 15த
1500 = 600 + 3த
900 = 3த
த = 300

300 பத்திரிகைக்கு இரண்டிலும் 5,100 ரூபாய். அதற்குக் கீழே என்றால் இரண்டாவது மலிவு, மேலே போனால் முதல் அச்சகம் மலிவு. சந்தேகமாக இருந்தால் 100-க்கும் 500-க்கும் போட்டுப் பாருங்கள். இப்படி ஒரு நிலையான தொகையும் எண்ணிக்கைக்கு ஏற்ற தொகையும் சேர்ந்து வரும் எல்லா இடத்திலும், வாடகை வண்டியோ மண்டப வாடகையோ, இதே அமைப்புதான்.

வயதுக் கணக்கு தேர்வில் தவறாமல் வரும். அப்பாவுக்கு 50, மகளுக்கு 20. அப்பாவின் வயது மகள் வயதைப் போல நான்கு மடங்காவது எப்போது? த வருடத்தில் என்று வைத்தால்

50 + த = 4(20 + த)
50 + த = 80 + 4த
−30 = 3த
த = −10

குறை எண் வந்ததும் தப்பு என்று அடித்துவிடாதீர்கள். −10 வருடம் என்றால் 10 வருடத்துக்கு முன்னால். அப்போது அப்பாவுக்கு 40, மகளுக்கு 10. சரியாக நான்கு மடங்கு. வயது இருவருக்கும் ஏற வேண்டும் என்பதை மறந்து 50 + த = 4 × 20 + த என்று அடைப்பில்லாமல் எழுதுவதுதான் இந்த வகையில் நடக்கும் பெரிய தவறு. அப்படி எழுதினால் த ஒழிந்து 50 = 80 என்று நிற்கும்.

போட்டுப் பாருங்கள்

ரஃப் நோட்டை எடுத்துக்கொண்டு, ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் என்ன செய்தீர்கள் என்று எழுதிக்கொண்டே போடுங்கள்.

1. 6த − 5 = 4த + 9
2. 2 + 9த = 4த − 13
3. 4(த − 1) = 3(த + 2)
4. 10 − (த − 4) = 2த − 1
5. (த + 1)/2 = (2த − 1)/3
6. 3(த + 2) − த = 2த + 7

விடைகள் வரிசையாக 7, −3, 10, 5, 5. ஆறாவதற்குத் தீர்வு இல்லை. நான்காவதில் வேறு எண் வந்திருந்தால், அடைப்புக்கு முன்னால் உள்ள கழித்தல் குறி 4-ஐ என்ன செய்கிறது என்று அந்த வரியை மட்டும் திரும்பப் பாருங்கள்.